தனத்திடம் மட்டும் சொன்னது

சுனாமிக்கு அடுத்த கோடையில் மரக்காணம் உப்பளத்தில் கூடை சுமந்துகொண்டிருந்தேன். பன்னிரண்டு வருடமாக எனக்குக் கூடையைத் தலையில் தூக்கிவிட்டவள் தனம்தான். வெயிலில் உப்பு மின்னிக் கண் கூசும்போது வரப்பு சரியாகத் தெரியவில்லை என்று அவளிடம் மட்டும் சொன்னேன்.

“நான் யார்கிட்ட சொல்லப்போறேன்க்கா? என் பின்னாடியே நடந்து வா” என்றாள். அப்படியே நடந்தேன்.

நாலாம் நாள் மேஸ்திரி கூப்பிட்டார். “கண்ணு தெரியலையாமே, வுழுந்து வெச்சா யாரும்மா பதில் சொல்றது? நாளைலருந்து வராதம்மா.”

மறுநாள் என் கூடையை எடுத்துவரப் போனேன். அது தனத்தின் மருமகள் தலையில் இருந்தது.

“உன் நல்லதுக்குத்தான்க்கா சொன்னேன்” என்றாள் தனம்.

கண் ஆபரேஷன் ஆகி இப்போது வேறு உப்பளத்துக்குப் போகிறேன். “உடம்பு எப்படிம்மா இருக்குது?” என்று பெற்ற மகள் கேட்டாலும், “நல்லாத்தான் இருக்கேன்” என்கிறேன். முழங்கால் வலியை அவளிடம்கூடச் சொல்வதில்லை.