தினம் ஒரு போட்டோ

இப்போதெல்லாம் காலை ஒன்பது மணிக்கு எங்கள் வாசல் வெறிச்சென்று கிடக்கிறது. மகனும் மருமகளும் குழந்தையோடு ஓசூருக்குக் குடிபோய்விட்டார்கள். மூன்று வருடத்துக்கு முன்னால், அரூரில் இதே வாசலில் சரியாக ஒன்பது மணிக்கு ஒரு பெண் போலீஸ் ஸ்கூட்டியை நிறுத்துவாள்.

நாங்கள் மாதா கோயிலுக்குப் போகிறவர்கள். மருமகள் கடத்தூர்ப் பக்கம் நிலபுலம் உள்ள இந்துக் குடும்பத்துப் பெண். இருவரும் விரும்பிக் கட்டிக்கொண்டார்கள். அவளுடைய அப்பாவும் சித்தப்பாவும் வெட்டிப்போடுவோம் என்று நின்றதால், கோர்ட்டுக்குப் போய்ப் போலீஸ் பாதுகாப்புக்கு உத்தரவு வாங்கினார்கள். அப்படி வந்தவள்தான் அந்தப் பெண்.

நான் ஐந்தாவதோடு நின்றவள். வெளி மனிதர் முகம் பார்த்துப் பேசக் கூச்சம். முதல் வாரம் முழுக்க அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. பக்கத்து வீட்டுக்காரி வேறு, "என்னக்கா, உங்க வூட்டுக்கு மந்திரி கிந்திரி குடிவந்துட்டாரா?" என்று கேட்டுச் சிரிப்பாள்.

போலீஸ் பெண் தினமும் மகனையும் மருமகளையும் நிற்கவைத்து ஒரு போட்டோ எடுத்து ஸ்டேஷனுக்கு அனுப்புவாள். நல்லபடியாக இருக்கிறார்கள் என்பதற்கு அதுதான் சாட்சி. ஒரு நாள் என்னையும் கையைப் பிடித்து இழுத்து நிறுத்தினாள். கோர்ட்டுக்குப் போகிற போட்டோவாக்கும் என்று நினைத்து, மறுநாள் நான், ஈஸ்டருக்கு எடுத்த சேலையைக் கட்டிக்கொண்டு வந்து நின்றேன்.

"ஆயா, ஜட்ஜு உனக்கு மாப்ள பாக்கப் போறாரு!" என்றாள். அன்றைக்குத்தான் அவள் முன்னால் வாய்விட்டுச் சிரித்தேன். போலீஸ் காவல் இருந்த அந்த மாதங்களில் பயமும் இருந்தது, சிரிப்பும் இருந்தது. இப்போது நினைத்தால் சிரிப்புதான் முதலில் வருகிறது.

தை மாதத்தில் ஒரு நாள். மகன் ஸ்டேஷனுக்கு எதிரே இருக்கும் பட்டறைக்கு வேலைக்குப் போயிருந்தான். மருமகளுக்கு ஏழு மாதம். நான் வாசலில் உட்கார்ந்து, குழம்புக்கு ஊறவைத்த மொச்சையைத் தோல் பிதுக்கிக்கொண்டிருந்தேன். துணிப்பையோடு ஒரு அம்மா கேட்டருகே வந்து நின்றாள். மருமகளுடைய அதே மூக்கு; பார்த்ததுமே யாரென்று தெரிந்துவிட்டது.

போலீஸ் பெண் எழுந்து போனாள். "யாரும்மா நீங்க?"

"புள்ளயப் பெத்தவங்க."

"கூட யாரு வந்திருக்காங்க?"

"யாருமில்லீங்க. அவருகிட்ட சந்தைக்குன்னு சொல்லிட்டு வந்தேன்."

பையில் வாழைப்பழம் மட்டும்தான் இருந்தது. போலீஸ் பெண் உள்ளே போய்க் கேட்டாள். "அப்பா வெட்டறேன்னு நின்னப்ப அம்மா வாயே தொறக்கல. நான் பாக்க மாட்டேன்" என்று சொல்லி மருமகள் கதவைச் சாத்திக்கொண்டாள்.

"வேண்டாங்கறா. கெளம்புங்கம்மா."

அந்த அம்மா திரும்பினாள். வேவு பார்க்க அனுப்பியிருந்தார்களென்றால் என் பிள்ளையின் உயிர் போய்விடும். மகளைப் பார்க்கத்தான் வந்தாள் என்றால், இன்னொரு தடவை இவளால் வர முடியுமா?

"பஸ்சு வர்ற வரைக்கும் உக்காரட்டும் கண்ணு. நீதான் இருக்கறயே." சொன்னது நான்தானா என்று எனக்கே சந்தேகம்.

உட்கார்ந்தவளின் கை, யாரும் சொல்லாமலே மொச்சைப் பாத்திரத்துக்குள் போனது. கொஞ்ச நேரம் கழித்து, "எப்பிடி இருக்கறா?" என்று கேட்டாள்.

போலீஸ் பெண் யோசித்துவிட்டுப் போனை எடுத்தாள். "ஈரக் கையில தொடாதீங்க, நானே தள்ளறேன்." முதல் நாளிலிருந்து ஒவ்வொரு போட்டோவாகக் காட்டினாள். குச்சியாக வந்தவளுக்குக் கன்னத்தில் சதை வைத்தது, முகம் தெளிந்தது, வயிறு தெரிந்தது. அந்த அம்மா கண் கொட்டாமல் பார்த்தாள். ஒரு இடத்தில் நிறுத்தச் சொன்னாள்.

"இதென்னங்க, மாசமா இருக்கறவ தலைக்கு எண்ணெயே வெக்கறதில்லியா? பரட்டையா நிக்கறா!"

சாத்திய கதவுக்குப் பின்னாலிருந்து சத்தம் வந்தது. "அன்னைக்குத் தலைக்கு ஊத்தியிருந்தேன்!"

வீட்டை விட்டு வந்த எட்டு மாதத்தில் அம்மாவிடம் அவள் பேசிய முதல் பேச்சு அது. அந்த அம்மா கதவுப் பக்கம் திரும்பவில்லை. புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "ஊத்துனா நல்லாக் காயவெச்சுப் பின்னணும்" என்று மொச்சையைப் பார்த்துச் சொன்னாள்.

"காயத்தான் வெச்சிருந்தேன்."

"சளி புடிச்சா உனக்கு மட்டுமா?"

"எனக்குத் தெரியும்."

பஸ் வந்தது, போனது. அதற்கடுத்த பஸ்ஸும் போனது. போலீஸ் பெண்ணும் தொப்பியைக் கழற்றி வைத்துவிட்டு எங்களோடு மொச்சை பிதுக்க உட்கார்ந்துவிட்டாள். கதவு திறக்கவில்லை. ஆனால் உள்ளே நாற்காலியைக் கதவருகே இழுத்துப் போடும் சத்தம் எங்கள் மூன்று பேருக்கும் கேட்டது.