முதுகெலும்போரம் குடியிருந்தவன்

"நான் காவல் காக்குற எடத்துல, எனக்குத் தெரியாம ஒரு பல்லி பூந்து ஒளிய முடியாது. ஒளிஞ்சிருந்தா இந்த மீசைய எடுத்துடறேன்!"

ராஜகுளத்துக் குடோன் ஒன்றின் வாட்ச்மேன் முத்துகிருஷ்ணன், சொந்த ஊரான மானாம்பதியில், டேனியல் டீக்கடையில் வெளியிட்ட பிரகடனம் இது. டேனியல் டீ ஆற்றுவதை ஒரு கணம் நிறுத்தி மரியாதை செய்தார்.

வெறும் சவடால் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. ஆதாரம் உண்டு. மகள் சசிரேகா பாவாடை கட்டிய வயதில் தெருவே அம்மை போட்டுப் படுத்தபோது, வேப்பிலை செருகாத ஒரே வாசல் இவருடையது. குழந்தையை ஏனாத்தூர் அத்தை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, வாசலில் கழியோடு உட்கார்ந்தார். "ஆத்தாவே வந்தாலும் கேட்டாண்ட நின்னு பேர் சொல்லிட்டுத்தான் உள்ள வரணும்!" ஆத்தா வரவில்லை. சசிரேகாவுக்கு இன்றுவரை அம்மை போட்டதில்லை. குடோன் வேலை கேட்டுப் போனபோது முன் அனுபவமாக இதைத்தான் சொன்னார்.

இப்பேர்ப்பட்டவரின் இடுப்பில், வலப்பக்கம் மட்டும், எரிச்சல் கண்டது. வாயு என்று தீர்ப்பளித்துப் பூண்டு தின்றார். பிறகு முதுகெலும்பிலிருந்து தொப்புள் வரை, பாதி அரைஞாண் கட்டியதுபோல, நீர் கோத்த கொப்புளங்கள் வரிசை கட்டின.

மனைவி சொக்கம்மாள் பார்த்தாள். "அக்கிய்யா இது. வா, எய்திக்கினு வரலாம்."

குயவர் வீட்டில் காவிமண் குழைத்து, கொப்புளங்களைச் சுற்றிச் சிங்கம் எழுதினார்கள். சிங்கம் பூனை ஜாடையில் இருந்தாலும் டியூட்டியில் நேர்மையாக இருந்தது, இடத்தைவிட்டு நகரவில்லை. எரிச்சலும் நகரவில்லை. ஆகவே ஆஸ்பத்திரி.

"சின்ன வயசுல உங்களுக்கு அம்மை போட்டிருக்கா?" என்று கேட்டார் டாக்டரம்மா.

"போட்டுச்சு. தலைக்குத் தண்ணி ஊத்தி அப்பவே வெளிய அனுப்பிட்டோம்."

"அது போகவே இல்லை. முதுகெலும்பு ஓரமா ரெண்டு பக்கமும், நரம்பணுக்கள் கும்பல் கும்பலா உட்கார்ந்திருக்கிற முடிச்சுகள் இருக்கு. தோல்ல படுற வலி, சூடு எல்லாம் அது வழியாத்தான் உள்ளே போகும். அம்மைக் கிருமி அதுல பூந்து படுத்துக்கிச்சு. இத்தனை வருஷம் தூங்கிட்டு, இப்ப உடம்பு அசந்த நேரம் பார்த்து, அந்த நரம்பைப் புடிச்சே வெளிய வந்திருக்கு."

முத்துகிருஷ்ணன் இதைக் காவல் பாஷையில் புரிந்துகொண்டார். உள்ளே போகிற சரக்கெல்லாம் சோதனையாகும் செக்போஸ்ட். அந்தச் செக்போஸ்ட்டுக்குள்ளேயே ஒருவன் பாய் விரித்துப் படுத்திருக்கிறான்!

டாக்டரம்மா மாத்திரை எழுதினார். "வீட்டுல அம்மையே போடாத கர்ப்பிணி யாராவது இருந்தா, கொப்புளம் காய்ஞ்சு பொருக்கு தட்டுற வரைக்கும் கிட்ட போகாதீங்க. அவங்களுக்கு அம்மையா தொத்திக்கும். வயித்துப் பிள்ளைக்கும் ஆபத்து."

தலைப்பிரசவத்துக்காக சசிரேகா மறுநாள் தாய்வீடு வருகிறாள்.

"யார்கிட்டயும் மூச்சு வுடாத. சூட்டுக் கொப்புளம்னு சொல்லு," என்றார் திரும்பும் வழியில்.

"பொண்ணாண்டயுமா?"

"சட்ட போட்டுக்கினா யாருக்குத் தெரியப்போவுது? டேனியலுக்குத் தெரிஞ்சா ஊரே சிரிக்கும்."

"இன்னாயா நீ? பேரப்புள்ளய வுட மீசதான் பெருசா பூட்ச்சா உனக்கு?"

பஸ் வந்தது.

மறுநாள் ஆட்டோ வந்து நின்றது. தெருவே கூடியிருந்தது, டேனியலும் கடையை விட்டுவிட்டு வந்திருந்தார். சசிரேகா வயிற்றைப் பிடித்தபடி இறங்கி, "நைனா!" என்று ஆசையாய் வந்தாள்.

"அங்கயே நில்லு!" முத்துகிருஷ்ணன் கையை உயர்த்தினார்.

"பெத்த பொண்ணுக்கே செக்கிங்கா? அவ பைல குடோன் மூட்ட ஏதும் கீதா பாரு!" என்றார் டேனியல். தெரு சிரித்தது.

முத்துகிருஷ்ணன் மீசையை ஒருமுறை தடவிக்கொண்டார்.

"கிட்ட வராதம்மா. எனக்குள்ள ஒர்த்தன் பூந்து ஒளிஞ்சிக்கினு கீறான். சின்ன வயசுலேர்ந்து. எனக்கே தெரியல. இப்ப உன் புள்ளமேல கைய வெச்சிடுவான்."

கேட்டை விரியத் திறந்து வைத்தார். பாயைச் சுருட்டிக்கொண்டு, கொல்லைப்பக்கமாக பம்புசெட் கொட்டகைக்கு நடந்தார்.

அடுத்த நாள் அங்கே டீ கொண்டுபோன டேனியல், தொட்டியில் முகம் கழுவிக்கொண்டிருந்த வழுவழு மனிதரைப் பார்த்துத் திடுக்கிட்டார்.

"யார்யா நீ? உள்ள எப்டி வந்த?"

முத்துகிருஷ்ணன் டம்ளருக்குக் கையை நீட்டினார்.