மாமனார் கேட்ட கேப்பு

என் மாமனார் என்னைச் சுட்டுக் கொல்லப்போகிறார் என்று ஒரு வாரம் முழுக்க நம்பிக்கொண்டிருந்தேன். நம்பியதுகூடப் பெரிதில்லை. என்னைச் சுடுவதற்கு வேண்டிய கேப்பை என்னிடமே கொண்டுவரச் சொன்னார், நானும் பொட்டலம் கட்டி எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன். அதுதான் இன்றைக்கும் எனக்கு விளங்காதது.

அறுபதுகளின் தொடக்கம். சிவகாசியில் பொட்டுக் கேப்பு செய்கிற ஒரு கம்பெனியில் மேற்பார்வை வேலை எனக்கு. தீபாவளிக்குப் பிள்ளைகள் தகரத் துப்பாக்கியில் வைத்து அடிக்குமே, தாளில் சின்னச் சின்னப் பொட்டாக, அதுதான் எங்கள் சரக்கு. பொட்டுக்குள் இருப்பவை இரண்டு மருந்துகள். தனித்தனியே இருந்தால் ஓரளவு சாது. சேர்ந்து காய்ந்துவிட்டால் முறைத்துப் பார்த்தாலே கோபித்துக்கொள்ளும். அதனால் ஈரத்தில்தான் குழைப்போம், ஈரமாகவே பொட்டு வைப்போம். எங்கள் ஷெட்டுக்கு வேதம் ஒன்றே ஒன்று: சந்தேகம் வந்தால் தண்ணீரை ஊற்று. தரையில் சிந்திவிட்டதா, தண்ணீர். பலகையில் காய்ந்து ஒட்டிக்கொண்டதா, தண்ணீர். இந்தப் பழக்கம் வீடு வரை என்னோடு வந்தது. அடுப்பில் எண்ணெய் சடசடத்தால்கூட என் கை சொம்பைத் தேடும். மனைவி கரண்டியால் கையில் ஒன்று போடுவாள்.

அப்படிப் போடுவதற்கு அப்போது அவள் வீட்டில் இல்லை. பிரசவத்துக்கு மல்லாங்கிணற்றில் தாய்வீட்டுக்குப் போனவள், பிள்ளை குப்புற விழுந்து தவழ ஆரம்பித்த பிறகும் திரும்பவில்லை. கல்யாணத்துக்கு முன்பிருந்தே சாத்தூர்ப் பக்கம் மிஷன் ஆஸ்பத்திரியில் நர்ஸ். தீக்காய வார்டில் யார் யார் எந்த ஷெட்டிலிருந்து வந்து படுத்தார்கள் என்று அவளுக்குத் தெரியும். நான் போய்க் கூப்பிட்டபோதெல்லாம் ஒரே பதில்.

"வேற வேலை பாருங்க, வாரேன். வெள்ளைத் துணி சுத்திக் கட்டில்ல கெடக்கிற உங்களுக்கு நான் டூட்டி பாக்க மாட்டேன்."

பின்னால் மாமனார் நின்று தலையாட்டுவார். பள்ளிக்கூட வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். அவர் தலையாட்டினால் கணக்கு சரி என்று அர்த்தம். எனக்கோ கேப்பை விட்டால் வேறு தொழில் தெரியாது. வேலையா, பெண்டாட்டி பிள்ளையா என்று ஒவ்வொரு ஞாயிறும் பஸ்ஸில் யோசித்துக்கொண்டே போய், யோசித்துக்கொண்டே திரும்பி வருவேன்.

அப்படிப் போன ஒரு ஞாயிற்றுக்கிழமை, சாப்பாட்டில் உட்கார்ந்திருக்கும்போது அவர் கேட்டார்.

"மாப்பிள்ளை, உங்க கேப்பு எம்புட்டு அடிச்சா வெடிக்கும்?"

"லேசாத் தட்டினாலே போதும் மாமா."

"பக்கத்துல கரிமருந்து இருந்தா அது பிடிச்சுக்கிடுமா?"

"எதுக்குக் கேக்கீக?"

"சும்மாதான். நீங்க ரசம் ஊத்திக்கங்க." அடுக்களைப் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "அடுத்த வாரம் வாரப்ப ஒரு பொட்டலம் கொண்டாங்க. புதுச் சரக்கா இருக்கணும். உங்க அத்தைகிட்டயும் எம் மககிட்டயும் மூச்சு விடாதீக."

பெட்டிக்கடையில் கிடைக்கிற சாமானை ஒரு மனுஷர் ஏன் ரகசியமாகக் கேட்கிறார்? திரும்புகிற பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து இதையே உருட்டினேன். காரியாபட்டி சாலைப் புழுதி முகத்தில் அடித்தபோதுதான் ஞாபகம் வந்தது. அவர் அண்ணன் வீட்டில் ஒரு துப்பாக்கி இருந்தது.

கல்யாண விருந்தில் அந்த அண்ணன் அதை எடுத்துக் காட்டியிருந்தார். கடலைக்காட்டில் பன்றி விரட்ட லைசென்ஸ் எடுத்து வைத்திருந்த பழைய நீளத் துப்பாக்கி. வாய் வழியாகக் கரிமருந்தைக் கொட்டி, துணியை அடைத்து, ஈய ரவையைப் போட்டு, கம்பியால் இடித்துக் கெட்டிக்க வேண்டும். குழலின் அடியில் ஓட்டை வைத்த ஒரு சின்ன இரும்புக் காம்பு. அதன் தலையில் விரல்நுனி அளவுகூட இல்லாத செப்புத் தொப்பி ஒன்றை மாட்டுவார்கள். அதற்கும் கேப்பு என்றுதான் பெயர். தொப்பிக்குள் மருந்து. விசையை இழுத்தால் குதிரை என்கிற சின்னச் சுத்தி தொப்பியின் மண்டையில் ஓங்கி அடிக்கும். பொறி ஓட்டை வழியாகக் குழலுக்குள் பாயும். அவ்வளவுதான் விஷயம். எங்கள் தகரத் துப்பாக்கிக்குப் பாட்டன்.

மாமனார் அன்று விருந்தையே வகுப்பாக்கிவிட்டார். முதல் முதலில் புகைகிற திரியை வைத்துச் சுட்டார்களாம்; மழை வந்தால் சண்டையும் அணைந்துவிடும். பிறகு சக்கிமுக்கிக் கல். கல் உரசிப் பொறி பறந்து, வெளியே வைத்த மருந்து குப்பென்று எரிந்து, அதற்கப்புறம்தான் உள்ளே வெடிக்கும். சீமையில் வாத்துச் சுடுகிற ஆசை பிடித்த ஒரு பாதிரியார் இருந்தார். வெளிச்சத்தைப் பார்த்ததும் வாத்து பறந்துவிடுகிறது. கடுப்பாகிப்போய், அடித்த மாத்திரத்தில் வெடிக்கிற மருந்தை வைத்து வழி கண்டுபிடித்தார். அதற்குப் பிறகு வந்ததுதான் செப்புத் தொப்பி. "துப்பாக்கிக்குக்கூட ஒரு போதகர்தான் வேண்டியிருந்துச்சு, பாத்தீகளா," என்று மாமனார் சபை முழுவதையும் பார்த்தார்.

கல் துப்பாக்கி என்றால் வாத்துக்குக் கொஞ்சம் முன்னறிவிப்பு உண்டு. கேப்புத் துப்பாக்கியில் அது கிடையாது. அன்று அந்தப் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தது வாத்து.

சீமைச் செப்புத் தொப்பி அந்தக் காலத்தில் லேசில் கிடைக்காது. காட்டுக் காவல்காரர்கள் எங்கள் பொட்டைக் கிழித்துக் காம்பில் ஒட்டிச் சுடுகிறார்கள் என்று கம்பெனியில் பேச்சு இருந்தது. இப்போது அந்த அண்ணன் உயிரோடு இல்லை; துப்பாக்கி மாமனார் கைக்குத்தான் வந்திருக்க வேண்டும். கேப்பு மட்டும் இல்லை. மகளை அனுப்ப மனமில்லை. மாப்பிள்ளை வாராவாரம் வந்து நிற்கிறான். வாத்தியார் மூளை கணக்கைப் போட்டு முடித்துவிட்டது.

போகாமல் இருந்திருக்கலாமே என்பீர்கள். போகாவிட்டால் பெண்டாட்டி வேண்டாமென்று சொல்லிவிட்டான் என்று ஊர் பேசும். அதனால் புத்திசாலித்தனமாக ஒன்று செய்தேன். ஒரு பொட்டலம் கேப்பைப் பிரித்துத் தண்ணீர் தெளித்து, மறுபடி மடித்துக் கட்டினேன். நனைந்த கேப்பு செத்த கேப்பு. மறு ஞாயிறு அதைச் சிரித்த முகத்தோடு அவர் கையில் கொடுத்தேன்.

அவர் வாங்கித் தடவிப் பார்த்தார். "உங்க கம்பெனி சரக்கு ஈரமால்ல இருக்கு மாப்பிள்ளை." என்னை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு கொல்லைப்பக்கம் போய்ச் சுளகில் தாளைப் பரப்பி, வடகம் காயவைப்பது போல வெயிலில் வைத்தார்.

செத்தது காய்ந்தால் உயிர் பிடித்தாலும் பிடிக்கும். அது எனக்குத் தெரியாதா.

அத்தையும் என் மனைவியும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வேதக்கோயிலுக்குக் கிளம்பினார்கள். நானும் செருப்பை மாட்டினேன். மாமனார் தோளில் கை வைத்தார்.

"பொம்பளையாளுக போயிட்டு வரட்டும். நீங்க இருங்க. நமக்கு ஒரு சோலி இருக்கு."

"ஞாயித்துக்கெழமை ஆராதனைக்குப் போகாம இருக்கலாமா மாமா?"

"ஆண்டவரு மன்னிப்பாரு."

செருப்பைக் கழற்றினேன். கோயில் மணி அடித்துக்கொண்டிருக்க, அவர் என் மனைவியும் பிள்ளையும் படுக்கிற அறைக்குள் போனார். பரணில் ஏதோ உருளுகிற சத்தம். சாக்கில் சுற்றிய நீளமான ஒன்றோடு வெளியே வந்தார். மண்வெட்டியை எடுத்தார். ஒரு சுருள் கயிற்றையும் எடுத்தார். காய்ந்த கேப்பைச் சட்டைப் பையில் போட்டார். சாக்கு, கயிறு, மண்வெட்டி. அடக்கத்துக்கு ஜெபப் புத்தகம் ஒன்றுதான் பாக்கி.

"கெணத்தடிக்குப் போவோம், வாங்க," என்றார்.

நடந்தேன். "மாமா, நான் வேலைய விட்டுர்றேன்," என்று வழியிலேயே சொல்லிப் பார்த்தேன்.

"அத அப்புறம் பேசுவோம். மொதல்ல இத முடிப்போம்."

கிணற்றடியில் மாடு தண்ணீர் குடிக்கிற கல்தொட்டி ததும்ப நிறைந்திருந்தது. "இதப் பிடிங்க. வாய்ப்பக்கம் மூஞ்சியக் காட்டாதீக," என்று சாக்கை என் கையில் கொடுத்துவிட்டு, அவர் குனிந்து மண்ணை வெட்ட ஆரம்பித்தார். என் அளவுக்குத்தான் வெட்டுகிறாரா என்று ஒரு கணம் பார்த்தேன். அதற்கு மேல் யோசிக்கவில்லை. ஷெட்டில் இத்தனை வருஷம் பழகின கை தானாக வேலை செய்தது. சாக்கோடு துப்பாக்கியைத் தொட்டிக்குள் அமுக்கி, அவர் அதை எடுத்துவிடாதபடி நானும் ஏறி உட்கார்ந்துகொண்டேன்.

மாமனார் நிமிர்ந்தார். வேட்டி நனைய மாட்டுத்தொட்டியில் உட்கார்ந்திருக்கும் மாப்பிள்ளையை நிதானமாகப் பார்த்தார்.

"என்ன மாப்பிள்ளை செய்தீக?"

"என்னையச் சுட முடியாது மாமா. மருந்து நனைஞ்சு போச்சு."

"உங்களையவா?" மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு நின்றார். "உங்களைச் சுட்டு நான் எங்கிட்டுப் போய் இன்னொரு மாப்பிள்ளை தேட?"

அப்புறம் மெதுவாகச் சொன்னார். அண்ணன் சாகும்போது துப்பாக்கியைக் கெட்டித்தபடியே விட்டுப்போயிருக்கிறார். போலீஸ் ஸ்டேஷனில் ஒப்படைக்கப் போனால், 'லோடோட இங்கன கொண்டு வராதீக, காலி பண்ணிட்டுக் கொண்டாங்க' என்று அனுப்பிவிட்டார்கள். வெடித்துக் காலி பண்ணலாமென்றால் கேப்பு இல்லை. அதுவரை ஒளித்துவைக்க அவருக்குக் கிடைத்த இடம், மகளும் பேரனும் படுக்கிற அறையின் பரண். மகளுக்குத் தெரிந்தால் வீட்டைத் தலைகீழாக்கிவிடுவாள் என்று பயம். பள்ளத்தில் துப்பாக்கியைப் புதைத்து நிறுத்தி, கயிற்றைக் கட்டித் தூர நின்று இழுக்கலாம் என்பது அவர் யோசனை.

"பயமா இருந்துச்சு மாப்பிள்ளை. அதான் விவரம் தெரிஞ்ச ஆளக் கூப்பிட்டேன்."

விவரம் தெரிந்த ஆள் தொட்டியை விட்டு இறங்கவில்லை.

ஆராதனை முடிந்து வீட்டில் யாரையும் காணாமல், மனைவி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு அங்கேயே வந்துவிட்டாள். முதலில் அப்பாவைப் பிடித்தாள். பரணில் இருந்தது வரைக்கும் வாத்தியார் பாடம் ஒப்பிக்கிற பையன் போல ஒப்பித்துவிட்டார். பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"நீங்க எதுக்கு அதுக்குள்ள உக்காந்திருக்கீக?"

"சந்தேகமா இருந்துச்சு. தண்ணில போட்டேன்."

"ஷெட்லயும் இப்படித்தானா?"

"இதைவிட மோசம். மேஸ்திரி என்னைப் பயந்தாங்கொள்ளின்னுதான் கூப்பிடுவாரு."

அந்த வார்டில் வந்து படுத்த ஆட்கள் பலரும் 'எனக்கு ஒண்ணும் ஆகாது' என்று இருந்தவர்கள் என்று அவள் பலமுறை சொல்லியிருக்கிறாள். இப்போது அதைச் சொல்லவில்லை. "எந்திரிங்க, சளி பிடிக்கும்," என்றாள். பிள்ளையை என் கையில் கொடுத்துவிட்டு, பெட்டியில் துணி எடுத்து வைக்க வீட்டுக்குப் போனாள்.

நடந்தது இவ்வளவுதான். மறுநாள் கொல்லர் துப்பாக்கிக் குழலின் அடித் திருகாணியைக் கழற்றி, கூழாகக் கரைந்த மருந்தையும் ரவையையும் வழித்துப் போட்டார். மாமனார் அதை ஸ்டேஷனில் ஒப்படைத்தார். அந்த ஞாயிற்றுக்கிழமை சாயங்கால பஸ்ஸிலேயே மனைவியும் பிள்ளையும் என்னோடு சிவகாசிக்கு வந்தார்கள். நான் அதே கம்பெனியில் அதே வேலையில் இருந்தேன்.