என்ன கறி என்று கேட்டவள்

எங்கள் பக்கத்தில் சாப்பிட்டாயா என்று கேட்க மாட்டார்கள், "என்ன கறி?" என்றுதான் கேட்பார்கள். என் வீட்டுக்காரர் இறந்து பதினாறாம் நாள் சடங்கான அடியந்திரமும் கழிந்த பிறகு, அந்தக் கேள்விக்கு எனக்கு மட்டும் வேறு அர்த்தம். 'இந்த நிலைமையில் உனக்கு மீன் கேட்குதா?' என்பதுதான் அது. தாலி அறுத்தவள் ஒரு வருஷமாவது மீனைத் தொடக்கூடாதாம், எங்கள் தெருவின் சட்டம். போட்டவன் வாயில் கொள்ளி வைக்க!

நான் வாங்கினேன். கடியப்பட்டணத்திலிருந்து மீன் கொண்டுவரும் அக்காவை வாசலிலேயே நிறுத்தி, தெருவே பார்க்கப் பேரம் பேசி வாங்கினேன்.

வீட்டில் நானும் என் வீட்டுக்காரரின் அம்மாவும் மட்டும்தான். அத்தை மீனைத் தொடவில்லை. "எனக்கு மோரு போதும் பிள்ளே" என்பாள். அவள் மோரை ஊற்றும்போதெல்லாம் என்னைக் குத்திக்காட்டுவதுபோல இருக்கும். தெரு என்ன சொன்னாலும் போ என்று விடலாம். அவளும் வாயைத் திறந்து சொல்லிவிட்டால், அந்த வீட்டில் நான் எந்த முகத்தோடு இருப்பது?

ஒரு ஞாயிற்றுக்கிழமை பக்கத்து வீட்டு அக்கா நேராக அடுக்களைக்கே வந்துவிட்டாள்.

"என்ன கறி மக்கா?"

"சாளை மீனு. மாங்கா போட்டது. கொஞ்சம் தரட்டா?"

அவள் முகம் சுண்டிப்போயிற்று. என்னை விட்டுவிட்டு அத்தையிடம் திரும்பினாள்.

"பெரியம்மே, நீங்க இவள ஒண்ணும் சொல்ல மாட்டியளா?"

நான் அகப்பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"சொல்லணும்" என்றாள் அத்தை. "ஏட்டி, நேத்தைக்குக் கறியில புளி தூக்கல். மாங்காயும் போட்டுப் புளியும் எதுக்கு?"

அக்கா வந்த வழியே போனாள். எனக்கு ஒரு பக்கம் சிரிப்பு, ஒரு பக்கம் கோபம்.

"நேத்து மோருதானே ஊத்துனிய?"

"நீ வேலைக்குப் போன பொறவு சாறு மட்டும் கொஞ்சம் விட்டுக்கிட்டேன்."

சரியான கள்ளி! "அப்ப மீனு?"

அத்தை கண்ணைக் கசக்கிக்கொண்டாள்.

"முள்ளு கண்ணுக்குத் தெரியல்லட்டி. அவன்தான் எடுத்துத் தருவான்."

நான் அவள் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு சாளையாகப் பிய்த்து முள்ளெடுத்து வைத்தேன். கண்ணீர் வடிந்தது. துடைக்க முடியவில்லை, கையெல்லாம் மீன். அத்தை என் முகத்தைப் பார்க்காமலே தின்றாள்.

"நாளைக்கு நெய்மீனு வாங்குட்டி" என்றாள். "அதுல முள்ளு கொறவு."