மாஸ்டரின் கால்கள்

டிரைவிங் ஸ்கூல் மாஸ்டரை நினைத்தால் எனக்கு முகம் ஞாபகம் வருவதில்லை. நீல ரப்பர்ச் செருப்புப் போட்ட கால்கள்தான் வருகின்றன. இருபது நாள் அவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கந்தர்வக்கோட்டை ரோட்டில் கார் ஓட்டினேன். நான் தடுமாறிய இடத்திலெல்லாம் வண்டி பதமாக நின்றது, பதமாகக் கிளம்பியது. அவரோ போனில் பேசிக்கொண்டே, "சூப்பர்க்கா, பொறந்ததுலருந்து ஓட்டுன மாரி இருக்கு" என்பார். ஐம்பத்திரண்டு வயதில் இப்படிப் பாராட்டினால் எந்த முட்டாளுக்கும் தலை கிறுகிறுக்கும். எனக்கும் கிறுகிறுத்தது.

நான் ஆசைக்குக் கார் பழகவில்லை. என் வீட்டுக்காரருக்குச் சிறுநீரகம் இரண்டும் போய்விட்டன. வாரம் இரண்டு முறை புதுக்கோட்டையில் டயாலிசிஸ். ஒருநாள் திரும்பும்போது பஸ் படிக்கட்டிலேயே சரிந்துவிட்டார். வாசலில் அவருடைய கார் சும்மா நின்றது. ஓட்ட அவருக்குத் தெம்பில்லை.

டெஸ்ட்டுக்கும் ஸ்கூல் வண்டிதான், பக்கத்தில் மாஸ்டர்தான். லைசென்ஸ் வந்த மறுநாள் வீட்டுக்காரரை எங்கள் காரில் ஏற்றிக்கொண்டு கிளம்பினேன். பஸ் ஸ்டாண்டைத் தாண்டுவதற்குள் ஏழு தடவை வண்டி ஆஃப் ஆனது. பின்னால் ஊரே ஹாரன் அடித்தது. "எறங்கு தாயே, மானம் போவுது" என்றார். அன்றைக்கும் பஸ்தான்.

மறுநாள் மாஸ்டரிடம் போனேன். வேறொரு பெண் பழகிக்கொண்டிருந்தாள். பின்சீட்டில் ஏறி, முதன்முறையாகக் கீழே பார்த்தேன். மாஸ்டரின் காலடியிலும் ஒரு கிளட்ச், ஒரு பிரேக்! தையல் மெஷின் மிதிப்பதுபோல் கால்கள் மிதிக்கின்றன. வாய் "சூப்பர்க்கா" சொல்கிறது.

"அப்ப இருவது நாளும் ஓட்டுனது யாரு மாஸ்டர்?"

"பொம்பளைங்க பயந்துருவீங்கள்லக்கா, அதான் நானே மிதிச்சுக்கிறது."

என்ன பெருந்தன்மை! கற்றுக்கொடுக்கத் துப்பில்லை, இதில் கருணை வேறு. சண்டை போடும் அளவுக்குக்கூட நான் அவரை மதிக்கவில்லை. இருபது நாளும் குனிந்து பார்க்காத என்னை எதால் அடிப்பது? இப்போதும் எதிரே வந்தால் கை காட்டுகிறார். "நம்மகிட்ட பழகுன அக்கா" என்று சொல்லிக்கொள்கிறாராம், வெட்கங்கெட்ட மனுஷன்.

வற்றிக்கிடந்த கண்மாய்க்குள் தனியாகவே வண்டியை இறக்கினேன். குலுங்கும், நிற்கும், கருவேலம் புதரில் முட்டும். ஆடு மேய்த்தவர், "ஏம்மா, அங்கிட்டுப் போயி உருட்டுங்க, ஆடு மெரளுதுல்ல" என்று விரட்டினார். ஸ்டியரிங்கில் தலையைச் சாய்த்து அழுதிருக்கிறேன். ஒன்பதாம் நாள், கிளட்சை விடும்போது வண்டி எந்த இடத்தில் பிடிக்கிறது என்பது என் இடது பாதத்துக்குப் புரிந்தது.

அந்த வாரம் வீட்டுக்காரர் தயங்கித் தயங்கித்தான் ஏறினார். புதுக்கோட்டை போய்ச் சேரும்வரை "பாத்து, பாத்து" என்று பிராணனை வாங்கினார். டயாலிசிஸ் முடிந்து திரும்புகையில், ஆதனக்கோட்டை வந்தும் சத்தத்தைக் காணோம். பதறிப்போய்ப் பார்த்தேன். வாயைப் பிளந்துகொண்டு தூங்கிக்கொண்டிருந்தார். கியரை மாற்றினேன். அவர் தூக்கம் கலையவில்லை.