கோடு போட்ட பெயர்கள்

ஆம்பூர் தோல் பொருள் கம்பெனி ஒன்றில் தேவகி டிக் போட்டால் பொருள் கப்பல் ஏறும். குறுக்கே கோடு போட்டால் கழிவுக்குப் போகும். பதினாறு வருடமாக அவள்தான் அங்கே செக்கர். நாட்றம்பள்ளியிலிருந்து வரும் கம்பெனி பஸ்ஸை விட்டு இறங்கும்போதே வெள்ளிப் பேனா கையில் இருக்கும். இந்தப் பழக்கம் வீட்டுக்கும் தொற்றிக்கொண்டது. மகளுக்கு வந்த மாப்பிள்ளைகளின் போட்டோவைக்கூட வெளிச்சத்தில் பிடித்துத்தான் பார்த்தாள். நான்கு பேர் கழிவுக்குப் போனார்கள். ஐந்தாவது பையனுக்கு எப்படி டிக் கிடைத்தது என்பது வீட்டில் யாருக்கும் இன்றுவரை விளங்கவில்லை.

போன வருடம் ஜெர்மனியிலிருந்து ஒரு சின்ன ஆர்டர் வந்தது. ஒரு பாட்டுக் குழுவுக்கு இருபத்து நான்கு தோல் புத்தக உறைகள். ஒவ்வொன்றிலும் பாடுபவரின் பெயரை அழுத்திப் பதிக்க வேண்டும். பெயர்ப் பட்டியலைப் பார்த்ததும் தேவகிக்கு முகம் சுண்டிப்போனது. இங்கிலீஷ் சி எழுத்தின் தலையில் ஒரு குட்டி டிக். ஈ தலையிலும் டிக். எல் எழுத்தின் வயிற்றில் குறுக்குக் கோடு. தனக்கு முன்னால் யாரோ செக் பண்ணியிருக்கிறார்கள். தன் நாற்காலிக்கு வேறு ஆள் வைத்துவிட்டார்களோ என்று பட்டது. போய்க் கேட்க ரோஷம் விடவில்லை. பாஸான எழுத்துகளின் டிக்கை மட்டும் நீக்கினாள், கோடு வாங்கிய எல் எழுத்தை அடியோடு எடுத்தாள், மாதிரிக்கு ஒரு உறையைப் பதிக்கச் சொல்லி அனுப்பினாள்.

இரண்டு வாரத்தில் பதில் வந்தது. வெளிநாட்டுக் கடிதங்களைப் பார்க்கும் உமர் ஃபாரூக், லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு அவள் மேஜைக்கே வந்தான்.

"அக்கா, அது டிக் இல்ல. அந்த எழுத்தே அப்படித்தான். கோடும் எழுத்துதான். கோடு போட்ட எல் எழுத்த வேற மாதிரி சொல்லணுமாம்."

"ஜெர்மன்ல அப்படி இன்னா எழுத்து? இத்தினி வருஷத்துல நான் பாத்ததில்லையே."

"ஜெர்மன் இல்லக்கா. சோர்பியன்னு தனி பாஷை."

"ஜெர்மனியில ஜெர்மன் இல்லாம வேற பாஷையா?"

"ஆம்பூர்ல நான் உருது பேசலையா?"

அவன் மேலும் சொல்லச் சொல்லக் குழப்பம்தான் ஜாஸ்தியானது. அந்தப் பாஷையிலும் மேல் பக்கத்து ஊர்க்காரர்கள் ஆர் எழுத்துக்குக் கொக்கி போடுவார்களாம். கீழ் பக்கத்தவர்கள் சாய்ந்த கோடு போடுவார்களாம். இரண்டும் சரியாம். ஒன்று சரியென்றால் மற்றது தப்பு என்றுதான் தேவகி இதுவரை சோறு தின்றிருக்கிறாள்.

மேனேஜர் மக்பூல் அகமது அவளை அறைக்குக் கூப்பிட்டார். "பேப்பர்ல இருக்கறது இருக்கறபடியே வரணும். இன்னொரு தப்பு வந்துச்சு, பேஸ்டிங்குக்குப் போய்டுங்க" என்றார். பேஸ்டிங் என்றால் பசை தடவும் பிரிவு. அவள் பதினெட்டு வயதில் வேலைக்குச் சேர்ந்த இடம்.

பாட்டுக் குழு திருத்தி அனுப்பிய பட்டியலைப் பிரித்து வைத்துக்கொண்டு ஒவ்வொரு கொக்கியாகப் பார்த்து முடித்தாள். கடைசி வரியில் வந்து நின்றுவிட்டாள். யாகுப் என்ற பெயர். கொக்கியும் இல்லை, புள்ளியும் இல்லை. பெயர் முழுவதின் மேலும் பேனாவால் ஒரே நீளக் கோடு. உமர் ஃபாரூக் சென்னைக்குப் போயிருந்தான், போனை எடுக்கவில்லை. மேனேஜரிடம் போய்க் கேட்க இப்போது ரோஷமில்லை, பயம். பழைய தேவகியாக இருந்தால் கண்ணை மூடிக்கொண்டு கழித்திருப்பாள். ஆனால் கோட்டை நம்பி ஓர் எழுத்தை எடுத்ததற்கே இந்தப் பாடு. ஓர் ஆளையே எடுத்துவிட்டு, பிறகு அதுவும் எழுத்துதான் என்றால்? ஒரு உறை கூடிப்போனால் தோல்தான் நஷ்டம், குறைந்துபோனால் அந்த மனுஷர் வெறுங்கையோடு நிற்பார். கோட்டை விட்டுவிட்டுப் பெயரைப் பதிக்கச் சொன்னாள். இருபத்து நான்கு உறைகள் போயின.

அடித்த பெயருக்கும் ஒரு உறை போனது பேக்கிங் சீட்டில் தெரிந்ததும் மக்பூல் அகமது சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். தேவகி பசை டப்பா முன்னால் உட்கார்ந்தாள். வெட்கமாக இருந்தது. அதைவிட, எது டிக், எது கோடு என்று இனி எதைப் பார்த்தாலும் தெரியாது என்ற பயம் பெரிதாக இருந்தது.

ஒரு மாதம் கழித்து உமர் ஃபாரூக் அங்கே தேடிக்கொண்டு வந்தான். பாட்டுக் குழுவிலிருந்து கடிதம். நின்றபடியே தமிழில் சொன்னான். யாகுப் முப்பது வருடம் அவர்களோடு பாடியவர். திருத்திய பட்டியல் தயாரான வாரத்தில் இறந்துபோனார், அதனால் பெயரை அடித்தார்கள். பெட்டியைப் பிரித்தபோது அவர் பெயரும் உள்ளே இருந்தது. அவர் மனைவியும் அந்தக் குழுவில் பாடுகிறவள்தான். உறையைத் தடவிப் பார்த்துவிட்டு, அவருடைய பாட்டுப் புத்தகத்துக்குப் போட்டு வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போனாளாம்.

"கடைசில ஒண்ணு கேக்கறாங்க அக்கா. நாங்களே அடிச்ச பேர அடிக்க மனசு வராத ஆளு அங்க யாரு, அவங்களுக்கு எங்க யாகுப்பத் தெரியுமான்னு."

தேவகிக்குக் கண் நிறைந்துவிட்டது. பிரஷ்ஷைக் கீழே வைத்தாள்.

"எனக்கு அந்த மனுஷன் யாருன்னே தெரியாதே தம்பி. பயத்துல பண்ணேன்."

"அப்போ இன்னான்னு எழுதட்டும்?"

அவள் விரலில் ஒட்டிய பசையைத் தேய்த்து எடுத்தாள்.

"அந்தம்மா சாப்பிட்டாங்களான்னு கேளு" என்றாள்.