கடலுக்கு முதுகு கொடுக்காத கல்யாணம்

போன வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து வந்து சோற்றுக்கு இருந்த நேரம், தங்கச்சியின் மகள் கைபேசியோடு வந்து பக்கத்தில் குந்தினாள். ஹஜ்ஜுப் பெருநாள் கழிய அவளுக்குக் கல்யாணம். காட்டிய படத்தில் ஏதோ ஒரு வெளிநாட்டுக் கல்யாணம். திறந்த புல்வெளி, வரிசையாக வைக்கோல் கட்டுகள், அவற்றின் மேல் வெள்ளைத் துணி விரித்து ஆட்கள் இருக்கிறார்கள்.

"மாமா, மண்டபம் எடுக்காம நம்மட வளவுக்க இப்பிடிச் செய்வமா? செலவும் குறைவு, வாற ஆக்களும் சொகுசா இரிப்பாங்க."

"உன்ட உம்மாட கலியாணத்துக்கு நான் இதத்தான் செஞ்சன்" என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன். குசினிக்குள் கறி அள்ளிக்கொண்டிருந்த தங்கச்சியின் அகப்பைச் சத்தம் நின்றுபோனது. மகள் "மெய்யாவா?" என்று கண்ணை விரித்தாள். நான் மீன் முள்ளில் கவனமாக இருப்பதுபோல் குனிந்துகொண்டேன். அவளுக்குச் சொல்லாததை உங்களுக்குச் சொல்கிறேன்.

சுனாமி என்று கடல் ஊருக்குள் வந்த அன்றைக்கு நான் அக்கரைப்பற்றில் ஒரு நெல் ஆலையில் வேலையாக இருந்தேன். வேலை என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. வருகிற மூட்டையையும் போகிற மூட்டையையும் பார்த்துக்கொண்டிருப்பது. சட்டைப் பையில் பேனை குத்தியிருந்ததால் என்னைப் பெரிய உத்தியோகத்தன் என்று நானே நினைத்துக்கொண்டிருந்த காலம். பொழுது சாய ஊருக்கு வந்து சேர்ந்தபோது எங்கள் வீடு இருந்த இடத்தில் அத்திவாரமும் வாசற்படியும் மட்டும் நின்றன. வாப்பா வயலுக்குப் போயிருந்ததால் தப்பினார். பள்ளிவாசல் மதிலைக் கட்டிப் பிடித்திருந்த தங்கச்சியை ஆட்கள் எடுத்தார்கள். உம்மாவை எடுக்கவில்லை. எத்தனையோ ஜனாசாக்களின் முகத்துத் துணியை விலக்கி விலக்கிப் பார்த்தோம். உம்மா கிடைக்கவேயில்லை.

எங்கள் பக்கத்தில் பெண்ணுக்கு வீடு கொடுத்துத்தான் கல்யாணம். மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வந்து குடியிருப்பார். தங்கச்சிக்கென்று வாப்பா போகத்துக்குப் போகம் நெல் விற்றுக் கட்டிய வீடு அது. கல்யாணமும் பேசி முடிந்திருந்தது. மாப்பிள்ளை நற்பிட்டிமுனையில் ஒரு வாத்தியார். கடல் வந்த பிறகு அவருடைய வாப்பா நாங்கள் தங்கியிருந்த அகதி முகாமுக்கு வந்தார். தகரக் கொட்டிலுக்குள் அவரை இருத்த ஒரு கதிரைகூட எங்களிடம் இல்லை. மா வாளியைக் கவிழ்த்துப் போட்டோம். அதில் இருந்துகொண்டு, "வீடு போனாப் போகட்டும், புள்ள இரிக்காதானே" என்றார். நான் அழுதுவிட்டேன்.

வாப்பா அழவில்லை. "வீடு தாறனெண்டு சொன்னன். அந்த வீட்டுக்க வெச்சித்தான் குடுப்பன்" என்றார்.

அந்த வீடு எங்கே இருக்கிறது? கரையோரத்தில் இனி ஒரு கல்லும் வைக்கக்கூடாது என்று அரசாங்கமே அறிவித்துவிட்டது. கல்யாணத்தை அந்த வெறும் அத்திவாரத்தில் வைப்பதாக வாப்பா முடிவெடுத்தார். தங்கச்சி என்னைக் கூப்பிட்டு, "காக்கா, எனக்கு அங்க வர ஏலாது. வாப்பாக்கிட்டச் சொல்லுங்க" என்றாள். வாப்பாவிடம் போனால், "அவட வீட்டுக்கு வாறத்துக்கு அவவுக்கு என்ன பயம்?" என்கிறார். இரண்டு பேரும் ஒரே கொட்டிலில், ஒரு சாரனைத் திரையாகக் கட்டி அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் படுக்கிறார்கள். ஆனால் ஒருவரோடொருவர் இதைக் கதைப்பதில்லை. கடைசியில் தங்கச்சி ஓம் என்றாள். வாப்பாவின் முகத்தைப் பார்த்துத்தான் சொன்னாள்.

எனக்குச் செய்யத் தெரிந்தது ஆட்களை எங்கே இருத்துவது என்று பார்ப்பது மட்டும்தான். வாடகைக்குக் கதிரை கொடுக்கிறவரின் கடையையும் கடல் வாரிக்கொண்டு போயிருந்தது. மிஞ்சிய கதிரைகள் முகாம்களில் காலுடைந்து கிடந்தன. ஆலை முதலாளியிடம் கேட்டு வெறும் சாக்குகளை எடுத்து, உமி அடைத்து, வாய் தைத்து, உழவு இயந்திரத்தில் ஏற்றி வந்தேன். உமிச் சாக்கில் இருந்து பார்த்திருக்கிறீர்களா? இருக்கிறவரின் உடம்புக்கேற்ப மெல்லப் பள்ளம் விழுந்து தாங்கிக்கொள்ளும். தையல் விட்டால் மட்டும் அரிக்கும். கடல் சாய்த்துவிட்டுப்போன தென்னங்குற்றிகளைச் சீவி, ஆட்கள் வரிசையாக இருக்க வாங்குபோலப் போட்டேன். பெண்கள் பக்கத்துக்கு வைக்கோல் பரப்பி, மேலே பாய் விரித்து, சேலைகளால் மறைப்புக் கட்டினேன். எல்லாம் முடித்துத் தள்ளி நின்று பார்த்தபோது, உண்மையைச் சொன்னால், எனக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

பின்னேரம் அசர் தொழுகை முடிந்து ஆட்கள் வரத் தொடங்கினார்கள். நான் சபையை மாப்பிள்ளையின் மேடையைப் பார்த்தபடி போட்டிருந்தேன். கடல் பின்பக்கம். முதலில் வந்தவர் சாக்கில் இருந்தார், திரும்பிப் பார்த்தார், எழும்பிச் சாக்கைத் தூக்கிக் கடலைப் பார்க்க வைத்துவிட்டு இருந்தார். அடுத்தவரும் அப்படியே செய்தார். குற்றிகளைத் திருப்ப முடியாது. ஆட்கள் காலைத் தூக்கி அந்தப் பக்கமாகப் போட்டுக்கொண்டார்கள். கொஞ்ச நேரத்தில் சபை முழுவதும் மேடைக்கு முதுகைக் காட்டிக் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தது. மேடையில் மாப்பிள்ளை தனியாக இருந்தார். அவரும் கடலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

நிக்காஹ் செய்துவைக்கிற லெப்பை வந்து இருந்து தொண்டையைச் செருமினார். அப்போதுதான் யாரோ கத்தினார்கள். "கடல் வருகுது!"

யார் கத்தியது என்று இன்றுவரை தெரியாது. கடல் எப்போதும் போலத்தான் கிடந்தது. ஆனால் அதைப் பார்த்து நிற்க யாருக்கு மனம் வரும்? மறைப்புச் சேலைகள் அறுந்து விழுந்தன. லெப்பை தலைப்பாகையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடினார். ஒரு கண் இமைப்பில் சபை காலி. வாப்பா மட்டும் சாக்கில் இருந்தார்.

"எழும்புங்க வாப்பா!" கையைப் பிடித்து இழுத்தேன். அவர் அசையவில்லை.

"நீ போ மனே. உன்ட உம்மா இஞ்சதானே இரிக்கா. நான் எங்க ஓடுற?"

இழுத்து இழுத்துப் பார்த்துவிட்டு நானும் பக்கத்தில் இருந்துவிட்டேன். கடல் வரவில்லை.

பிறகு தங்கச்சியைத் தேடிப் போனேன். பெரிய வீதியைத் தாண்டி, நெற்கதிர்ச் சூடு அடித்து முடித்த ஒரு வயற்களத்தில் எல்லோரும் நின்றார்கள். வைக்கோல் குவியலில் கல்யாணச் சேலையோடு தங்கச்சி இருந்தாள். ஒரு கையை மாப்பிள்ளையின் உம்மா பிடித்திருந்தார்.

"ஒண்டும் வரல்ல தங்கச்சி. வா போவம். வாப்பா காத்திக்கிட்டு இரிக்கார்."

"ஏலாது காக்கா. அந்தக் கடலுக்குள்ளதானே உம்மா இரிக்கா."

இரண்டு பேரும் ஒரே காரணத்தைச் சொன்னால் நான் யாரை அழைத்து வருவது? களத்துக்கும் கரைக்கும் நடுவில் அந்த வீதியில் நான் நடந்த நடையை இப்போது நினைத்தாலும் கால் வலிக்கிறது.

கடைசியில் லெப்பைதான் ஒரு வழி சொன்னார். "பொண்ணக் குடுக்கிற பொறுப்பு வாப்பாடதான். அவர் வாயால ஒரு சொல்லுத் தந்தா, அவருக்குப் பதிலா நீங்களே குடுக்கலாம், தம்பி." இரண்டு சாட்சிகளோடு அவர் என்னோடு கரைக்கு வந்தார். ஓடிப்போன மனிதர் திரும்பி வந்தது பெரிய விசயம்தான். வாப்பா கடலைப் பார்த்தபடியே, "என்ட மகன் குடுக்கட்டும்" என்றார். அந்தக் களத்தில், ஆட்கள் வரப்பிலும் வைக்கோலிலும் கண்ட கண்ட இடங்களில் இருக்க, மாப்பிள்ளையின் கையைப் பிடித்து நான் தங்கச்சியைக் கொடுத்தேன். சொல்ல வேண்டிய வசனத்தில் பாதியில் என் குரல் போய்விட்டது. லெப்பை சொல்லித்தர, மறுபடி முதலிலிருந்து சொன்னேன்.

சாப்பாட்டை உழவு இயந்திரத்தில் களத்துக்கு ஏற்றினார்கள். ஒரு சகனை நான் வாப்பாவிடம் கொண்டுபோனேன். ஆறு பேர் சுற்றியிருந்து உண்ணும் அந்தப் பெரிய தாம்பாளத்தின் இரண்டு ஓரங்களில் நாங்கள் இரண்டு பேர்.

"தங்கச்சி அழுதாவா?"

"அழுதா வாப்பா."

"ம். அழட்டும்." அதற்கு மேல் அவர் சோற்றில் கை வைக்கவில்லை.

பிறகு உள்ளே தள்ளி ஒரு வீட்டுத் திட்டத்தில் எங்களுக்கு வீடு கிடைத்தது. தங்கச்சி குடியேறினாள், பிள்ளை பிறந்தது. வாப்பா மட்டும் பின்னேரங்களில் அத்திவாரத்துக்குப் போய் வருவார். நாட்டில் இத்தனை வருடமாக நடந்த சண்டை முடிந்துவிட்டது என்று கல்முனையில் வெடி கொளுத்திய அன்று, சத்தத்தைக் கேட்டு என்னவென்று விசாரித்தார். சொன்னேன்.

"அப்ப இனிக் கரையில வீடு கட்ட உடுவாங்களா மனே?"

அதற்கும் இதற்கும் என்ன சம்பந்தம்? "ஓம் வாப்பா" என்றேன். அடுத்த மாரிக்கு அவர் இல்லை.

கரையோரச் சட்டத்தைப் பிறகு தளர்த்தினார்கள். நாங்கள் இருந்த சின்னத் தெரு, எங்கள் ஒழுங்கை, அதற்குத் திரும்பி வந்தவர் ஒருவருமில்லை. கடலும் வருடா வருடம் கரையைத் தின்றுகொண்டு வந்தது. தங்கச்சியின் மகள் படம் காட்டிய அன்று பின்னேரம், மனம் கேட்காமல் நடந்து போனேன். அத்திவாரம் இல்லை. அடுத்த வீட்டுக் கிணற்றை வைத்து அடையாளம் பிடிக்கலாம் என்று பார்த்தால் அந்தக் கிணறும் இல்லை. ஒழுங்கை எங்கே தொடங்கியது, எங்கே முடிந்தது என்றுகூடத் தெரியவில்லை. வாப்பா இருந்த இடம் கரையா, தண்ணீரா? கேட்டுச் சொல்ல அங்கே பழைய ஆள் ஒருவரும் இருக்கவில்லை.